அச்சுத் தணிக்கையும் இணைய முடக்கமும்: பிரித்தானிய அனுபவம் பற்றிய ஒரு நோக்கு

அச்சிடலுக்கு முன்னனுமதி வேண்டிய சட்டத்தை இங்கிலாந்துப் பாராளுமன்றம் 1695ஆம் ஆண்டு புதுப்பிக்காது காலாவதியாக விட்டது. 1662இல் இயற்றப்பட்ட அச்சட்டத்தின்படி நூல்கள் அச்சேறுமுன் உரிமம் பெறவேண்டியிருந்தது. இதனையொத்த 1643ஆம் ஆண்டுக் கட்டளையை எதிர்த்து மறுவாண்டில் யோன் மில்ரன் 'அரியோபஜிற்றிக்கா' என்னும் நூலை வெளியிட்டமை இலக்கிய மாணவர் அறிந்ததே. ஆயின் வரலாற்று மாணவர் ஊன்றிக் கவனிக்கவேண்டியவர்கள் அத்தணிக்கையை நடைமுறைப்படுத்தியோராவர். 1557இல் அரச பட்டயம் பெற்ற இலண்டன் நூல்வணிகர் குழுவே அச்சகங்களைச் சோதனையிடவும் சட்டவிரோத நூல்களைக் கைப்பற்றவும் அதிகாரம் பெற்றிருந்தது. அதற்குக் கைம்மாறாக அச்சுத்தொழிலின் ஏகபோகத்தை அக்குழு அனுபவித்தது. அரசின் தணிக்கை வணிகரின் கைகளால் நடந்தேறியது எனலாம்.

மூன்று நூற்றாண்டுகளின் பின் அதே நாட்டில் இணையத்தளங்களை முடக்கும் முறை உருப்பெற்ற விதத்தை நோக்குமிடத்து இப்பழைய ஏற்பாடே நினைவுக்கு வருகின்றது. சிறுவர் மீதான பாலியற் கொடுமைகளைச் சித்திரிக்கும் படங்கள் இணையத்திற் பரவுவது குறித்து 1996இல் இலண்டன் பொலிசார் இணையச் சேவை வழங்குநரை எச்சரித்தனர். அதன் விளைவாக அவ்வாண்டே இன்டர்நெட் வோட்ச் பவுண்டேசன் என்னும் அமைப்பு அத்துறையினராலேயே தாபிக்கப்பட்டது. அது அரச திணைக்களமுமன்று, நீதிமன்றமுமன்று. அது தயாரித்த முகவரிப் பட்டியல் பொதுமக்களுக்கு வெளியிடப்படவில்லை. 2004இல் பிரித்தானிய ரெலிகொம் நிறுவனம் அப்பட்டியலைக் கொண்டு பக்கங்களை மறிக்கும் 'கிளீன்பீட்' முறைமையை நடைமுறைக்குக் கொணர்ந்தது. நோக்கத்தை எவரும் எதிர்க்கவில்லை, எதிர்க்கவும் இயலாது. அந்த ஒருமித்த சம்மதமே கருவியைப் பற்றிய கேள்விகளைப் பிற்போட்டது என்பது என் எண்ணம்.

கருவி இரு படிகளில் இயங்கியது. வாடிக்கையாளர் நாடும் கணினியின் இலக்கம் சந்தேகத்துக்குரியதாயின், அப்போக்குவரத்து ஓர் இடைநிலைக் கணினிக்குத் திருப்பப்படும். அங்கு பக்கத்தின் முழு முகவரியும் பட்டியலுடன் ஒப்பிடப்படும். பொருந்தின் பக்கம் மறிக்கப்படும். பொருந்தாவிடின் வாசகர் எதனையும் அறியாமலே கடந்து செல்வார்.

2008 டிசெம்பர் 5ஆம் திகதி இம்முறைமை வெளிச்சத்துக்கு வந்தது. ஜேர்மனிய இசைக்குழுவொன்று 1976இல் வெளியிட்ட இசைத்தட்டின் அட்டையிற் சிறுமியொருத்தியின் ஆடையற்ற படம் இருந்தது. அது கண்டிக்கத்தக்கதென்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் பட்டியலிற் சேர்க்கப்பட்டது படம் மட்டுமன்று. அவ்விசைத்தட்டுப் பற்றிய விக்கிப்பீடியாக் கட்டுரையும் அதனுடன் சேர்ந்தே மறைந்தது. இதில் விந்தை யாதெனில், தடையைக் காட்டிக்கொடுத்தது தடையின் பொறிமுறையே என்பதுதான். விக்கிப்பீடியாவிற் பதிவு செய்யாதோரும் திருத்தம் செய்யலாம்; அக்காலத்தில் அவர்கள் தம் கணினி இலக்கத்தால் இனங்காணப்பட்டனர். பிரித்தானிய வாசகரின் போக்குவரத்து இடைநிலைக் கணினிகளினூடாகத் திருப்பப்பட்டதும் இலட்சக்கணக்கானோர் ஒரு சில இலக்கங்களிலிருந்தே வருவோராகத் தோன்றினர். குறும்பு செய்வோரைப் பிரித்தறிய இயலாமையால் அவ்விலக்கங்களிலிருந்து பதிவற்ற திருத்தங்கள் நிறுத்தப்பட்டன. அதன் காரணத்தைத் தேடியபோதே மறைந்திருந்த கை தென்பட்டது. நான்கு நாட்களின் பின், டிசெம்பர் 9ஆம் திகதி, தன் முயற்சி எதிர்மாறான விளைவையே தந்ததெனக் கூறி அவ்வமைப்பு தடையை விலக்கிக்கொண்டது.

அந்நான்கு நாட்களில் வாசகர் பலர் கண்டது 'பக்கம் காணப்படவில்லை' என்னும் அறிவிப்பை. தடுக்கப்பட்டதெனச் சொல்லப்படவில்லை. இந்தியாவில் நெருக்கடிநிலை அறிவிக்கப்பட்டபின், 1975 ஜூன் 28இல் 'இந்தியன் எக்ஸ்பிரஸ்' தன் தலையங்கத்துக்குரிய இடத்தை வெறுமையாக விட்டு வெளிவந்தது. அவ்வெற்றிடத்தைக் கண்ட வாசகன் தணிக்கை நிகழ்ந்ததை அறிந்தான். வினவவும் அவனால் முடிந்தது. பழுதாக வேடமிடும் தணிக்கையிடம் யாரை எதிர்த்து முறையிடுவது?

கருவி ஒருமுறை அமைந்தபின் அதன் பயன் விரிவடைந்ததையும் ஈண்டுக் குறிப்பிடல் வேண்டும். 2011 ஜூலையில், திரைப்பட நிறுவனங்களின் வழக்கில், 'நியூஸ்பின் 2' என்னும் தளத்தை மறிக்குமாறு இலண்டன் உயர்நீதிமன்றம் பிரித்தானிய ரெலிகொமுக்குக் கட்டளையிட்டது. மறிப்பதற்குக் கிளீன்பீட் தொழில்நுட்பத்தையே பயன்படுத்துமாறு கட்டளை கூறியது. சிறுவரைக் காக்க எழுப்பிய மதில் பதிப்புரிமையைக் காக்கும் மதிலுமாயிற்று. ஒன்றை மட்டும் நீதியின் பொருட்டுச் சொல்லவேண்டும்: இம்முறை வழக்கு திறந்த மன்றில் நடந்தது, இரு தரப்பும் வாதிட்டன, தீர்ப்பை எவரும் படிக்கலாம்.

நம் நாட்டில் அவ்வளவுகூட நிகழ்ந்ததில்லை. 2007 ஜூனில் 'தமிழ்நெற்' தளம் உள்ளூர்ச் சேவை வழங்குநரால் மறிக்கப்பட்டது. திறந்த மன்று எதிலும் அதற்குக் காரணம் கூறப்படவில்லை. 2015 ஜனவரியில் ஆட்சி மாறியபின்னரே தடை நீங்கியது. 2018 மார்ச்சில் கண்டி மாவட்டத்தில் முஸ்லிம்கள் மீது வன்செயல் மூண்டபோது பேஸ்புக், வட்ஸ்அப், வைபர் என்பன முடக்கப்பட்டன. வெறுப்புப் பேச்சு அவற்றினூடாகப் பரவியமை மெய்யாதலின் அத்தடைக்கு ஒரு நியாயம் உண்டு. ஆனால் 2022 ஏப்ரில் 3ஆம் திகதி, பொருளாதார நெருக்கடிக்கு எதிரான போராட்டங்களின்போது விழுந்த தடைக்கு அந்நியாயமும் இல்லை. பாதுகாப்பு அமைச்சின் வேண்டுகோளின்பேரிலேயே அது விதிக்கப்பட்டதெனத் தொலைத்தொடர்புகள் ஒழுங்குபடுத்தல் ஆணைக்குழு தெரிவித்தது. தடையைச் சுற்றிச் செல்லும் வி.பி.என். மென்பொருள் பலர் கைகளில் இருந்தது. அன்றைய அமைச்சர் நாமல் ராஜபக்‌ஷவே, தாமும் அதனையே பயன்படுத்துவதாகவும் இத்தகைய தடைகள் பயனற்றவை எனவும் முடக்கப்பட்ட டுவிட்டரிற் பதிவிட்டார். அன்று பிற்பகல் தளங்கள் மீண்டும் திறந்தன.