நூலின் நம்பர் யார் கையில்?



சின்னாளப்பட்டிச் சேலை எடுக்கப் போனால் நாம் என்ன செய்கிறோம்? முந்தானையைக் கசக்கிப் பார்க்கிறோம், வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்கிறோம், "சாயம் போகுமா?" என்று கேட்கிறோம். துணி உழைக்குமா என்று பார்க்க நமக்குத் தெரிந்த சோதனை அவ்வளவுதான். ஆனால் துணியின் தரத்தை எண்ணில் சொல்லும் கணக்கு நம் நாட்டில் வெகுகாலமாக இருக்கிறது. அந்தக் கணக்கு கைமாறிய கதையைத்தான் இன்று எழுதுகிறேன்.

கிழக்கிந்தியக் கம்பெனி சோழமண்டலக் கரையில் துணி வாங்கிய காலத்தில் 'புஞ்சம்' என்றொரு அளவு வழக்கத்தில் இருந்தது. பாவு நூலில் குறிப்பிட்ட எண்ணிக்கை கொண்ட ஒரு தொகுதிதான் புஞ்சம். அகலம் மாறாமல் புஞ்சம் கூடினால் துணி நெருக்கமாகும், விலையும் கூடும். நெசவாளியின் சொல்லையே கம்பெனிக்காரர்களும் தங்கள் கணக்கில் எழுதிக்கொண்டார்கள்.

சிக்கல் தரம் பிரிக்கும் இடத்தில் வந்தது. நெய்து வந்த துணியை மாதிரித் துணியோடு ஒப்பிட்டு முதல் தரம், இரண்டாம் தரம் என்று கம்பெனி ஆட்களே பிரித்தார்கள். தரம் இறங்கினால் கூலி இறங்கும். முன்பெல்லாம் விலை பிடிக்காவிட்டால் முன்பணத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வேறு வியாபாரியிடம் போகலாம். 18-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் கம்பெனி அந்த வழியையும் அடைத்தது. நெய்தவன் எண்ணிய இழை அதேதான், ஆனால் அதன் மதிப்பைச் சொல்லும் உரிமை அவனிடம் இல்லை.

1792-இல் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையின்படி திப்பு சுல்தானிடமிருந்து திண்டுக்கல் சீமை கம்பெனிக்குப் போனது. அடுத்த நூற்றாண்டில் இங்கிலாந்தின் இயந்திர நூல் நம் ஊர்த் தறிகளுக்கு வந்தது. அதோடு அவர்களுடைய அளவும் வந்தது.

அந்தக் கணக்கு எளிது. 840 கெஜ நூல் ஒரு சிட்டம். ஒரு பவுண்டு எடையில், அதாவது சுமார் 454 கிராமில், எத்தனை சிட்டம் இருக்கிறதோ அதுதான் நூலின் நம்பர். 40-ஆம் நம்பர் என்றால் 40 x 840 = 33,600 கெஜம். ஏறக்குறைய 30.7 கிலோமீட்டர்! அரைக் கிலோவுக்கும் குறைவான நூல், திண்டுக்கல்லில் இருந்து சின்னாளப்பட்டி போய்த் திரும்பி வந்தாலும் மிச்சம் இருக்கும். நம்பர் ஏற ஏற நூல் மெலியும்.

மெலிந்த நூல் அறாமல் நிற்குமா? அதற்கும் ஒரு சோதனை உண்டு. ஒன்றரை கெஜச் சுற்றளவுள்ள ராட்டையில் 80 சுற்று சுற்றினால் 120 கெஜம் வரும். அதற்கு 'லீ' என்று பெயர். ஏழு லீ சேர்ந்தால் ஒரு சிட்டம். அந்த லீயை இயந்திரத்தில் மாட்டி அறும்வரை இழுப்பார்கள். அறுந்தபோது இருந்த பவுண்டு அளவை நூலின் நம்பரால் பெருக்குவார்கள். 40-ஆம் நம்பர் நூல் 60 பவுண்டில் அறுந்தால் 2,400. அந்த எண்தான் நூலின் உறுதி. வேடசந்தூர்ப் பக்கம் வரிசையாக நிற்கும் நூற்பாலைகளுக்கு இது அன்றாடச் சோதனை.

ஆனால் தறியில் உட்கார்ந்திருப்பவரிடம் சோதனைக்கூடம் இல்லை. பாவில் இழை அறுந்தால் தறியை நிறுத்தி முடிச்சுப் போட வேண்டும். மீட்டர் கணக்கில் கூலி வாங்குபவருக்கு ஒவ்வொரு முடிச்சும் நேர இழப்பு. நூல் மோசமென்றால் அதற்கு விலை கொடுப்பவர் அவர்தான்.

கைத்தறிக்குச் சிட்டா நூல் வேண்டும். ஆலைகளுக்கோ கோன் நூல்தான் வசதி. அதனால் ஆலைகள் உள்நாட்டுச் சந்தைக்கு அனுப்பும் நூலில் ஒரு பங்கைச் சிட்டமாகத்தான் கட்ட வேண்டும் என்று அரசு விதி வைத்தது. அந்தப் பங்கு 50 சதவீதமாக இருந்தது. 2003-இல் 40 ஆனது, 2019-இல் 30 ஆனது. சுற்றிலும் நூற்பாலைகள் இருக்கும் மாவட்டத்திலேயே கைத்தறிக்காரர் நூலுக்கு அலைந்தால், இந்த எண்களையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும்.

இதில் ஒரு ஆறுதல், நம்பரைச் சரிபார்க்கப் பெரிய இயந்திரம் தேவையில்லை. 10 பவுண்டு கட்டு ஒன்றில், 840 கெஜச் சிட்டமாக இருந்தால், 40-ஆம் நம்பர் நூலுக்கு 400 சிட்டம் இருக்க வேண்டும். 380 சிட்டமே இருந்து எடை சரியாக நின்றால், அது 38-ஆம் நம்பர். நூல் தடிமன், நீளம் குறைவு. ஒரு தராசும் எண்ணத் தெரிந்த ஒரு ஆளும் போதும். நெசவாளர் வீட்டுப் பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடத்தில் விகிதக் கணக்கு நடத்தும்போது, மாம்பழமும் ரயிலும் மட்டுமல்ல, இந்தக் கணக்கையும் கரும்பலகையில் எழுதலாம் என்பது என் ஆசை. பெற்றோர் கையில் வரும் கட்டைப் பிள்ளைகளே எண்ணிப் பார்த்துவிடுவார்கள்.

புஞ்சம் என்ற சொல்லை உங்கள் வீட்டுப் பெரியவர்கள் யாராவது சொல்லிக் கேட்டிருக்கிறீர்களா? தறி இருந்த வீட்டுப் பிள்ளைகள் கமெண்டில் எழுதுங்கள். அளவுச் சொற்கள் வேறு இருந்தாலும் சொல்லுங்கள், சேர்த்து வைப்போம்.