இண்டிகன்: நிறமற்ற ஒரு சொல்லின் வரலாறு

தீனபந்து மித்ராவின் ‘நீல் தர்ப்பண்’ நாடகத்தைப் பற்றியோ சம்பாரண் போராட்டத்தைப் பற்றியோ பேசும்போது, ‘நீலம் பயிரிட்டார்கள்’ என்று தயக்கமின்றிச் சொல்லிவிடுகிறோம். உண்மையில் எந்தக் குடியானவரும் நீலத்தைப் பயிரிட்டதில்லை. வயலில் நின்ற அவுரி பச்சைச் செடி. அதன் இலையைக் கசக்கிப் பிழிந்தாலும் உடனே நீலம் வராது. இலைக்குள் இருப்பது நிறமற்ற, நீரில் கரையக்கூடிய வேறொரு பொருள். தாவர வேதியியலில் அதற்கு இண்டிகன் என்று பெயர். அகராதிகளில் ஓரிரு வரிகளில் முடிந்துவிடும் இச்சொல்லின் பின்னே நீண்டதொரு பெயர்க் குழப்பம் இருக்கிறது. அக்குழப்பம் தீர்ந்த காலமும், வட பிகாரின் குடியானவர்கள் தலையில் புதிய சுமை ஏறிய காலமும் ஏறத்தாழ ஒன்றே. இவ்விரண்டையும் அருகருகே வைத்துப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

முதலில் சொல்லின் வேரைப் பார்ப்போம். கிரேக்கர்கள் இந்தியாவிலிருந்து வந்த நீலச் சாயத்தை ‘இண்டிகோன்’ என்றனர்; ‘இந்திய நாட்டுப் பொருள்’ என்பதற்கு மேல் அதற்குப் பொருள் இல்லை. லத்தீனில் அது ‘இண்டிகும்’ ஆயிற்று. கட்டிகளாக வந்து சேர்ந்த சாயம் எதிலிருந்து கிடைக்கிறது என்பது ஐரோப்பியருக்கு நெடுங்காலம் தெளிவாகத் தெரியவில்லை. நாணல்களின் மேல் படியும் ஒருவகைச் சேறு என்றே ரோமானியரான பிளினி நினைத்தார். இன்னொரு வழியில், ‘நீல’ என்னும் வடசொல் பாரசீகத்துக்கும் அரபிக்கும் சென்று, போர்த்துக்கீசியரின் நாவில் ‘அனில்’ ஆயிற்று. ஆக ஐரோப்பாவுக்குச் சென்ற இரு சொற்களில் ஒன்று நாட்டின் பெயர், மற்றொன்று நிறத்தின் பெயர். செடியின் பெயரும் அதைச் சாயமாக்கிய கைகளின் பெயரும் அந்தப் பயணத்தில் சேரவில்லை.

‘இண்டிகன்’ என்ற சொல்லை வேதியியலுக்குள் கொண்டுவந்தவர் எட்வர்ட் ஷுங்க். மான்செஸ்டரில் பிறந்து, ஜெர்மனியில் லீபிக்கிடம் பயின்றவர். தாவரச் சாயங்களின் ஆராய்ச்சியிலேயே வாழ்நாளின் பெரும்பகுதியைக் கழித்தவர். இலைக்குள் நீலம் ஏற்கெனவே இருக்கிறது, ஆக்சிஜன் குறைந்த வெண்ணிற வடிவில் அது மறைந்து கிடக்கிறது என்பதே அதுவரை பலரும் கொண்டிருந்த கருத்து. ஷுங்க் இதை ஐயுற்றார். ஐரோப்பாவின் பழைய நீலச்செடியான வோட் என்பதன் இலைகளிலிருந்து பழுப்பு நிறப் பாகு ஒன்றைப் பிரித்தெடுத்தார். அமிலம் சேர்த்தபோது அது பிளந்து நீலமும் ஒருவகைச் சர்க்கரையும் கிடைத்தன. ஆகவே இலையில் இருப்பது நீலம் அல்ல, நீலத்தைத் தரக்கூடிய ஒரு சர்க்கரைச் சேர்மம் என்று 1855-இல் அறிவித்து, அதற்கு இண்டிகன் என்று பெயரிட்டார்.

கருத்து சரியானது. ஆனால் பெயர் சற்று இடம் மாறி அமர்ந்துவிட்டது. வோட் ஐரோப்பியச் செடி. நம் அவுரியோடு தாவரக் குடும்ப உறவு எதுவும் அதற்கு இல்லை. அவுரி பயறு குடும்பத்தது, வோட் கடுகு குடும்பத்தது. இரண்டும் ஒரே நீலத்தைத் தருவதால் இரண்டின் மூலப்பொருளும் ஒன்றாகவே இருக்கும் என்று எல்லோரும் எடுத்துக்கொண்டனர். ‘இந்தியப் பொருள்’ என்று பொருள்படும் பெயர், இந்தியச் செடி ஒன்றைத் தொடாமலேயே இவ்வாறு பிறந்தது.

குழப்பம் அங்கும் நிற்கவில்லை. மனிதச் சிறுநீரிலிருந்து சில வேளைகளில் நீலம் கிடைப்பதைக் கண்ட ஷுங்க், அதற்குக் காரணமான பொருளும் இண்டிகனே என்று கருதினார். மருத்துவ வேதியியலாளர்களும் அதே பெயரை ஏற்றனர். 1870களில் அயூகன் பௌமன் அது முற்றிலும் வேறானது என்று காட்டினார். செடியில் இருப்பது சர்க்கரையோடு இணைந்தது. சிறுநீரில் இருப்பது கந்தக அமிலத்தோடு இணைந்தது. நாம் உண்ணும் புரதத்தின் ஒரு பகுதியைக் குடல் நுண்ணுயிர்கள் சிதைக்க, அதன் விளைபொருளைக் கல்லீரல் மாற்றி வெளியேற்றுவதால் அது உண்டாகிறது. ஆனாலும் பெயர் ஒட்டிக்கொண்டது. மருத்துவ ஆய்வகங்களில் ‘இண்டிகன் சோதனை’ என்றால் அது அவுரியைப் பற்றியதன்று. இச்சொல்லைப் பழைய நூல்களில் காணும் வாசகர், எழுதியவர் தாவரவியலாளரா மருத்துவரா என்று முதலில் பார்த்துக்கொள்ள வேண்டும்.

தாவர இண்டிகனின் உண்மை உருவம் வெளிப்பட்டது நூற்றாண்டின் திருப்பத்தில்தான். டச்சு நுண்ணுயிரியலாளர் பெயரின்க், வோட் இலையில் இருப்பது இண்டிகன் அல்ல என்று காட்டி அதற்கு ‘இசாட்டன்’ என்று தனிப்பெயர் கொடுத்தார். 1900-இல் ஹூகெவெர்ஃப், டெர் மூலன் என்னும் இரு டச்சு வேதியியலாளர்கள் அவுரி இனச் செடியிலிருந்து இண்டிகனைத் தூய படிகமாகப் பிரித்தெடுத்தனர். குளுக்கோசும் இண்டாக்சில் என்னும் நிறமற்ற பொருளும் சேர்ந்த இணைப்பே இண்டிகன் என்பது உறுதியாயிற்று. பழுப்புப் பாகில் தொடங்கிய பெயர், படிகத்தை அடைய ஏறத்தாழ 45 ஆண்டுகள் ஆயின. நியாயத்துக்காக ஒன்றைச் சேர்க்க வேண்டும்: வோட் இலையிலும் சிறிதளவு இண்டிகன் உண்டு என்று 2001-இல் வெளியான ஆய்வொன்று கண்டறிந்தது. ஷுங்க் முழுவதும் தவறவில்லை.

இனி, இந்த வேதியியல் தொட்டியில் எப்படி நிகழ்ந்தது என்று பார்ப்போம். அறுத்த அவுரியை நீர்த்தொட்டியில் மணிக்கணக்கில் ஊறவிடுவார்கள். அப்போது இலையிலுள்ள நொதி இண்டிகனைப் பிளக்கிறது. குளுக்கோசு பிரிய, இண்டாக்சில் நீரில் கரைந்து நிற்கிறது. அந்த நீரைக் கீழ்த்தொட்டிக்கு இறக்குவார்கள். தொழிலாளர்கள் இடுப்பளவு நீரில் நின்று துடுப்பு போன்ற கோல்களால் அதை அடித்துக் கலக்குவார்கள். அடிக்க அடிக்கக் காற்று உள்ளே செல்கிறது. காற்றின் ஆக்சிஜனால் இரண்டிரண்டு இண்டாக்சில் மூலக்கூறுகள் இணைந்து நீலமாகி அடியில் படிகின்றன. பிறகு அதைக் காய்ச்சி, வடித்து, அழுத்தி, கட்டிகளாக வெட்டிக் காயவைப்பார்கள். சோழமண்டலக் கரையில் இலையை உலர்த்தி வைத்துப் பின்னர் ஊறப்போடும் முறையும் இருந்தது. தென்னார்க்காடு, கடப்பை, நெல்லூர்ப் பகுதிகள் ஒரு காலத்தில் அவுரிக்குப் பேர்பெற்றவை. திண்டிவனம் வட்டாரம் அத்தொழிலை இன்றும் அறியும். எத்தனை நேரம் ஊற வேண்டும், எப்போது அடிப்பதை நிறுத்த வேண்டும் என்பதை நீரின் நிறத்தையும் நுரையையும் பார்த்தே தொழிலாளர்கள் கணித்தனர். இண்டாக்சில் என்ற பெயர் அவர்களுக்குத் தெரியாது. ஆனால் அது நீலமாகும் கணம் தெரியும்.

அந்த வேலையின் சமூக முகம் கொடியது. வங்காளத்தில் தோட்டத் துரைகளின் முன்பணக் கடனில் சிக்கிய குடியானவர்கள் 1859-60இல் அவுரி விதைக்க மறுத்து எழுந்தனர். 1860-இல் ‘நீல் தர்ப்பண்’ வெளிவந்தது. அதன் ஆங்கில மொழிபெயர்ப்பை வெளியிட்டதற்காகப் பாதிரியார் ஜேம்ஸ் லாங் 1861-இல் ஒரு மாதச் சிறையும் 1000 ரூபாய் அபராதமும் பெற்றார். தொழில் பிகாரில் தொடர்ந்தது. சம்பாரணில் ஒரு பீகா நிலத்தின் 20 கட்டாவில் 3 கட்டாவைத் துரைக்காக அவுரிக்கு ஒதுக்க வேண்டும் என்பது கட்டாயம். ‘தீன்கட்டியா’ என்பது அதன் பெயர்.

இதற்கிடையே ஜெர்மனியில் வேறொரு வேலை நடந்துகொண்டிருந்தது. அடால்ஃப் பையர் 1880-இல் நீலத்தை ஆய்வகத்தில் உண்டாக்கினார். 1883-இல் அதன் மூலக்கூறு அமைப்பைக் கூறினார். 1897-இல் பாஸ்ஃப் நிறுவனம் செயற்கை நீலத்தைச் சந்தைக்குக் கொண்டுவந்தது. அதன்பின் பிகார் துரைகளின் சங்கம் வேதியியலாளர்களை அமர்த்தியது. இலையிலுள்ள இண்டிகனில் எவ்வளவு நீலமாகிறது, எவ்வளவு வீணாகிறது என்று அளக்கும் ஆய்வுகள் தொடங்கின. ஆண்டுகளைக் கவனியுங்கள்: செயற்கை நீலம் 1897, படிக இண்டிகன் 1900. செடிக்குள் இருப்பது என்னவென்று செம்மையாகத் தெரிந்தபோது, செடியே தேவையில்லை என்ற நிலை வந்துவிட்டிருந்தது.

இங்கே வரலாற்றின் ஒரு விந்தையும் உண்டு. 1840-இல் ஃபிரிட்ஷே என்பவர் நீலத்தைக் காரத்தோடு சூடாக்கிப் பெற்ற திரவத்துக்கு, ‘அனில்’ என்ற சொல்லிலிருந்து ‘அனிலின்’ என்று பெயரிட்டார். நிலக்கரித் தாரிலும் அதே பொருள் இருப்பது விரைவில் தெரிந்தது. தாரிலிருந்து கிடைத்த அனிலினைக் கொண்டே 1856-இல் 18 வயது வில்லியம் பெர்கின் ஊதாச் சாயத்தைச் செய்து செயற்கைச் சாயத் தொழிலைத் தொடங்கிவைத்தார். அவுரிக்கு எதிராக வளர்ந்த தொழில் அவுரியின் பெயரையே சுமந்தது. அவர் மகன் ஆர்தர் ஜார்ஜ் பெர்கினோ, லீட்ஸில் இருந்தபடி 1907 முதல் இண்டிகனைப் பற்றிக் கட்டுரைகள் எழுதினார். தந்தை தொடங்கிய தொழில் எந்தச் செடிகளின் சந்தையை அழித்ததோ, அவற்றுள் ஒன்றின் இலைக்குள் இருப்பதை மகன் அளந்துகொண்டிருந்தார்.

விலை சரிந்தபோது குடியானவர்களுக்கு விடுதலை கிடைத்திருக்க வேண்டுமல்லவா? கிடைக்கவில்லை. அவுரி விதைக்கும் கட்டாயத்திலிருந்து விடுபட வேண்டுமானால் கூடுதல் வாரம் தர வேண்டும், அல்லது ‘தாவான்’ என்ற பெயரில் மொத்தத் தொகை கட்ட வேண்டும் என்று சம்பாரண் துரைகள் வசூலித்தனர். செயற்கை நீலத்தால் வந்த நட்டம் இவ்வாறு உழுதவர்மேல் இறங்கியது. உலகப் போரால் ஜெர்மன் சாயம் வராமற்போனபோது சில இடங்களில் அவுரிக்கு மீண்டும் நெருக்குதல் வந்தது. 1917 ஏப்ரலில் காந்தி சம்பாரணுக்குச் சென்றதன் பின்னணி இது. 1918-இல் இயற்றப்பட்ட சட்டம் தீன்கட்டியாவை ஒழித்தது.

இண்டிகன் என்ற சொல்லைத் தமிழில் எப்படி வழங்கலாம் என்ற கேள்வி எங்களுக்குள் எழுந்தது. ‘நீலப்பொருள்’ என்றோ ‘அவுரி நிறமி’ என்றோ பெயர்த்தால் பிழையாகும். அது நீலமும் அன்று, நிறமியும் அன்று. ‘நீலமூலம்’ பொருந்தலாம், ஆனால் இசாட்டனும் நீலத்தின் மூலமே. எனவே இண்டிகன் என்றே வைத்துக்கொள்வதுதான் இப்போதைக்கு நேர்மையானது என்று தோன்றுகிறது.

பெயரைவிட முக்கியமானது அது உணர்த்தும் செய்தி. நீலம் செடியில் விளைவதன்று. செடி தருவது நிறமற்ற ஒன்றை. அதை நீலமாக்கியவை காற்றும், தொட்டியில் நின்ற மனிதர்களின் கைகளும். அடுத்த முறை ‘நீல் தர்ப்பண்’ படிப்பவர்கள், அத்தலைப்பிலுள்ள ‘நீல்’ என்ற சொல்லில் இலையைவிட உழைப்பே அதிகம் என்பதை நினைவிற்கொள்ள வேண்டுகிறோம்.