சேன் சீர் பள்ளியில் ராசீனின் நாடகம்

நம் சங்கத்தின் ஆண்டு விழாவில் சிறுவர் சிறுமியர் நாடகம் நடிக்கக் கண்டு மகிழ்கிறோம். நாடகத்தைக் கல்விக்குத் துணையாகக் கொள்வதால் விளையும் நன்மை யாது? இடர் யாது? பிரெஞ்சு நாட்டு வரலாற்றில் இதற்கொரு சான்று உண்டு.

வெர்சாய் அரண்மனைக்கு அருகே சேன் சீர் என்னும் ஊரில், வறுமையுற்ற உயர்குடிப் பெண்கள் 250 பேருக்காக 1686-இல் ஒரு பள்ளி நிறுவப்பெற்றது. நிறுவியவர், பதினான்காம் லூயி மன்னர் மறைவாக மணந்த மேந்தனோன் அம்மையார். சொல்வன்மையும் நினைவாற்றலும் வளர வேண்டி அவர் மாணவியரை நடிக்கச் செய்தார். ராசீன் இயற்றிய 'ஆந்த்ரோமாக்' என்னும் துன்பியல் நாடகத்தின் காதற்காட்சிகளை அவர்கள் உணர்ச்சி ததும்ப நடிக்கவே, அம்மையார் அஞ்சினார். 1677-க்குப் பின் மேடைக்கு எழுதுவதை விட்டிருந்த அக்கவிஞரையே அணுகி, காதல் கலவாத நாடகமொன்று வேண்டினார்.

அவ்வாறு விவிலியக் கதையிலிருந்து பிறந்ததே 'எஸ்தர்'. 1689 சனவரியில் மன்னர் முன்னிலையில் அஃது அரங்கேறியது. அரசவையினர் இடம்பெறப் போட்டியிட்டனர். புகழ்ச்சியால் மாணவியரிடம் செருக்குத் தோன்றிற்று. சமயப் பெரியோர் சிலர் கண்டித்தனர். ஆகவே 1691-இல் 'அத்தாலி', வேடமும் அரங்க அலங்காரமுமின்றி ஒரு சிலர் முன் மட்டுமே நடிக்கப்பட்டது. 1699-இல் மறைந்த ராசீன் அதனைப் பொதுமேடையில் காணவில்லை. 1716-இல்தான் அது பாரிசின் கொமெதி பிரான்சேஸ் அரங்கில் ஏறியது.

பிழை நாடகத்தினுடையதா? அன்று எனவே கருதுகிறோம். கற்பிக்கப் பிறந்த கலை அரசவையின் காட்சிப்பொருளானதே இடர். மேடையிறங்கும் நம் பிள்ளைகளிடம், பெற்ற கைதட்டலைவிடக் கற்ற தமிழையே கேட்டு மகிழ்வோமாக.