பனிமலையில் பறிபோன புத்தகம்

2016-ஆம் வருஷம் ஜனவரியில் 'சோட்டா பீம்: ஹிமாலயன் அட்வெஞ்சர்' என்று ஒரு சித்திரப் படம் வந்தது. ஹைதராபாத்துக்காரரான ராஜீவ் சிலகா எடுத்த படம். லட்டு தின்றால் பலம் பெறும் பையன் ஒருவன் தோழர்களோடு இமயமலைக்குப் போகிறான். பனியில் சாகசம் புரிகிறான். குழந்தைகள் கண் கொட்டாமல் பார்க்கிறார்கள். நன்றாகப் பார்க்கட்டும். ஆனால் திருச்சிராப்பள்ளிக் குழந்தைகளுக்கு இன்னொரு விஷயமும் தெரிய வேண்டும். அவர்கள் ஊரிலிருந்து காவேரிப் பாலத்தைத் தாண்டினால் வரும் ஸ்ரீரங்கத்திலிருந்தே ஓர் இமயமலைக் கதை புறப்பட்டிருக்கிறது!

அது சுமார் தொள்ளாயிரம் வருஷத்துக் கதை. மரபுக் கணக்குப்படி 1017 முதல் 1137 வரை வாழ்ந்த ராமானுஜர், பிரம்ம சூத்திரத்துக்கு உரை எழுத எண்ணினார். அதற்குப் போதாயனர் என்ற பழைய ஆசிரியரின் விருத்தியுரை வேண்டியிருந்தது. அந்தச் சுவடியோ காஷ்மீரத்தில் இருந்தது. ஆகாய மார்க்கமாகப் பறந்தாலே 2,500 கிலோமீட்டருக்குக் குறையாத தூரம். ரயில் ஏது, மோட்டார் ஏது? சீடர் கூரத்தாழ்வானை அழைத்துக்கொண்டு நடந்தார்.

அதன் பிறகு நடந்ததைக் குருபரம்பரைக் கதைகள் சுவையாகச் சொல்கின்றன. காஷ்மீரத்து அரசன் சுவடியைக் கொடுத்தான். அங்கிருந்த பண்டிதர்களுக்குப் பொறுக்கவில்லை. ஆள் அனுப்பி, வழியில் மடக்கி, சுவடியைப் பிடுங்கிக்கொண்டார்கள். அத்தனை தூரம் நடந்ததும் வீணாயிற்றே என்று ஆசாரியர் மனம் கலங்கினார். அப்போது கூரத்தாழ்வான் அடக்கமாக ஒரு செய்தி சொன்னார்: ஆசாரியர் கண்ணயர்ந்த இரவுகளிலெல்லாம் அவர் விழித்திருந்து அந்தச் சுவடியைப் படித்திருந்தார், முழுவதும் மனப்பாடம்!

இருவரும் ஸ்ரீரங்கம் திரும்பினார்கள். ராமானுஜர் சொல்லச் சொல்ல ஆழ்வான் எழுதினார். அதுதான் ஸ்ரீபாஷ்யம்.

"இதெல்லாம் பக்தர்கள் கட்டிய கதைதானே?" என்று கேட்கலாம். பிடுங்கியதும் துரத்தியதும் கதையாகவே இருக்கட்டும். ஆனால் ஸ்ரீபாஷ்யத்தின் தொடக்கத்திலேயே போதாயனரின் விரிவான விருத்தியைப் பற்றிய பேச்சு வருகிறது. பிறகு அதிலிருந்து சில வாக்கியங்களும் எடுத்தாளப்படுகின்றன. அந்த விருத்தியோ இன்று கிடைக்கவில்லை. மூலச்சுவடி காலத்தோடு போய்விட்டது. அதைப் படித்தவர்கள் எடுத்து வைத்துக்கொண்ட அளவுதான் நமக்கு மிச்சம்.

ஆழ்வானின் கதை இதோடு முடியவில்லை. பின்னொரு காலத்தில் சோழ மன்னன் ஒருவன் ராமானுஜரைச் சபைக்கு அழைத்தபோது, ஆசாரியருக்குப் பதிலாகத் தாமே காவி உடுத்திப் போனார். அங்கே கண்களை இழந்தார் என்கிறது மரபு. இரவெல்லாம் விழித்துச் சுவடி படித்த கண்கள் அவை! கண் போயிற்று, படித்தது போகவில்லை.

லட்டு தின்று பலம் பெறுகிறவனைக் குழந்தைகளுக்குத் தெரியும். தூக்கம் விழித்துப் பலம் பெற்றவரையும் அவர்கள் அறிய வேண்டாமா? ஸ்ரீரங்கம் கோயிலில் கூரத்தாழ்வானுக்குச் சந்நிதி இருக்கிறது. ஒரு ஞாயிற்றுக்கிழமை குழந்தைகளை அங்கே அழைத்துப் போய், இமயமலைக் கதையைச் சொல்லுங்கள்.