ஏப்ரல் மீனும் உருளைக்கிழங்கு முத்திரையும்

பங்குனி வெயில் ஏற ஆரம்பித்தால் பெரியவர்களுக்கு வியர்வை, பையன்களுக்குக் குறும்பு. ஏப்ரல் முதல் தேதியன்று அது உச்சத்துக்குப் போகும். அந்த நாளின் குறும்பை நான் இரண்டு ஊர்களில், இரண்டு விதமாகப் பார்த்திருக்கிறேன்.

முதலாவது, நான் பிரெஞ்சு வழியில் படித்த காரைக்காலில். அங்கே அதற்குப் பெயர் 'புவாசோன் தாவ்ரில்', அதாவது ஏப்ரல் மீன். காகிதத்தில் மீன் வெட்டி, ஒருவர் முதுகில் அவருக்குத் தெரியாமல் ஒட்டிவிடுவோம். 1954 நவம்பர் முதல் தேதியே காரைக்காலில் ஆட்சி கைமாறிவிட்டது. ஆனாலும் எங்கள் வகுப்பில் அந்த மீன் பிறகும் பல வருஷம் நீந்தியது.

இரண்டாவது, 1970களில் நான் குமாஸ்தாவாக வந்து சேர்ந்த நம் கோட்டைப்பட்டினத்தில். நிஜ மீன் கூடை கூடையாக இறங்கும் ஊரில் காகித மீனுக்கு என்ன மரியாதை? இங்கே உருளைக்கிழங்குதான் ஆயுதம். பாதியாக நறுக்கி, வெட்டிய முகத்தில் பிளேடால் ஏ, எஃப் என்ற இரண்டு ஆங்கில எழுத்துகளைச் செதுக்குவார்கள். 'ஏப்ரல் ஃபூல்' என்பதன் சுருக்கம். ஏ திருப்பிப் போட்டாலும் ஒன்றுதான். எஃப்பை இடம் வலமாகத் திருப்பிச் செதுக்க வேண்டும். அதை மறந்தவன்தான் அன்றைக்கு முதல் முட்டாள். பிரில் மையைத் தடவி முதுகில் ஒரு குத்து! எங்கள் ஆபீஸ் ரப்பர் ஸ்டாம்பு தோற்றது.

இதன் பூர்வீகமாகப் பிரான்சில் ஒரு கதை சொல்வார்கள். 1564-ல் ஒன்பதாம் சார்லஸ் மன்னர், ஜனவரி முதல் தேதியே வருஷப் பிறப்பு என்று ஆணையிட்டார். பழைய வழக்கப்படி வசந்த காலத்திலேயே புத்தாண்டு கொண்டாடியவர்களை மற்றவர்கள் முட்டாளாக்கிச் சிரித்தார்களாம். அப்படிப் பார்த்தால் சித்திரையில் வருஷம் பிறக்கும் நாமும் முட்டாள்கள்தான். சர்க்காரும் தப்பாது. 1867 முதல் இந்திய அரசின் கணக்கு வருஷம் தொடங்குவதே ஏப்ரல் முதல் தேதிதானே!

ஆனால் காகித மீனைப் பிய்த்துப் போட்டுவிடலாம். மை அப்படிப் போகாது. அன்றைக்குப் பல பையன்களுக்குப் பள்ளிக்கூடத்துக்கென்று இருந்தது ஒரே வெள்ளைச் சட்டை. கடலுக்குப் போகிறவர் வீட்டுப் பையன் ஒருவன், வீட்டுக்குள் போகப் பயந்து, கிணற்றடியில் சட்டையைக் கழற்றி உப்பும் எலுமிச்சையும் போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தான். நீலம் வெளிறியதே தவிர, போகவில்லை. மறுநாளும் அதே சட்டையோடுதான் கிளம்பினான். முத்திரை குத்தியவன், அந்த முதுகு யார் கண்ணிலும் படாதபடி, அவன் பின்னாலேயே ஒட்டிக்கொண்டு பள்ளிக்கூடம் வரை நடந்தான்.

பால்பாயிண்ட் பேனா வந்தது, மைப்புட்டி போனது, முத்திரையும் போய்விட்டது. துவைக்கிற தாய்மார்களுக்கு நிம்மதி. எனக்கு மட்டும் ஏப்ரல் முதல் தேதி காலையில் வெள்ளைச் சட்டையை எடுக்க இன்னமும் கை தயங்குகிறது.