கடலுக்கு மூத்த திரிசூலம்

மின்சார ரயில் திரிசூலத்தில் நிற்கும்போது விமான நிலையத்துக்கு எதிர்ப்புறம் எட்டிப் பாருங்கள். கல்குவாரிகள் பாதி தின்றுவிட்ட குன்று தெரியும். அங்கிருந்து கிழக்கே பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டரில் வங்கக் கடல். இரண்டில் எது மூத்தது? பலரும் கடலைத்தான் சொல்வார்கள். ஆனால் அந்தப் பாறைக்கு வயது சுமார் 250 கோடி ஆண்டுகள். கடலுக்கோ 13 கோடிதான்.

நாம் கருங்கல் என்று சொல்லி, ஜல்லியாக உடைத்து வீட்டுக்குத் தளம் போட்ட அந்தக் கல்லை உலகப் புவியியலாளர்கள் சார்னோக்கைட் என்கிறார்கள். கல்கத்தாவில் ஜாப் சார்னாக்கின் கல்லறையில் பதித்திருந்த கல்லும் இதே வகை. அதை வைத்து 1893இல் இந்தப் பெயரைச் சூட்டியவர் புவியியலாளர் தாமஸ் ஹாலந்து. கல் நம்முடையது, புகழ் கும்பினி வியாபாரிக்கு!

இதே வகைப் பாறை இலங்கையில் இருக்கிறது. கிழக்கு அண்டார்டிகாவிலும் பனிக்கு அடியிலிருந்து தலைநீட்டுகிறது. இது எப்படி? வியன்னாவில் இருந்த எடுவர்ட் சூஸ் என்ற புவியியலாளர், தென்பகுதி நிலங்கள் ஒரு காலத்தில் ஒரே கண்டமாக இருந்தன என்றார். 1885இல் அதற்குக் கோண்டுவானா என்று பெயரும் வைத்தார். ஆனால் நடுவில் இருந்த நிலம் கடலில் மூழ்கிவிட்டது என்பது அவர் கணக்கு. 1864இல் லெமூரியா என்ற கண்டத்தைக் கற்பனை செய்த விலங்கியலாளர் ஸ்கிலேட்டரும் கடலடியில் போன நிலத்தைத்தான் நினைத்தார். அந்த லெமூரியாவைத்தான் நம்மவர்கள் குமரிக்கண்டத்தோடு முடிச்சுப் போட்டார்கள்.

நிலம் மூழ்கவில்லை, பிளந்து விலகியது. 1912இல் வெகெனர் என்ற விஞ்ஞானி இதைச் சொன்னபோது கேட்பார் இல்லை. பிற்பாடு கடலடித் தரையை ஆராய்ந்தவர்கள்தான் அதை நிரூபித்தார்கள். இந்தியாவும் அண்டார்டிகாவும் பிரிந்த இடைவெளியில் புதுத் தரை உருவாகி, அதன்மேல் நீர் நிறைந்ததே வங்கக் கடல். மனித இனம் தோன்றுவதற்குப் பல கோடி ஆண்டுகளுக்கு முந்தைய சங்கதி இது. பாண்டியர் காலக் கடல்கோளுக்கும் இதற்கும் சம்பந்தமே கிடையாது.

அந்தப் பிளவின் தடயம் தாம்பரத்துக்கு மேற்கே, ஸ்ரீபெரும்புதூர் பக்கத்து மண்ணுக்கடியில் இருக்கிறது. அங்குள்ள படிவுகளில் நிலத்துச் செடிகளின் இலைப்பதிவுகளும் கடல்வாழ் உயிர்களின் புதைபடிவங்களும் சேர்ந்தே கிடைக்கின்றன. இன்று கார் தொழிற்சாலைகள் நிற்கும் வட்டாரத்தில் அன்று கடல் புகுந்து, ஒதுங்கியிருக்கிறது.

விலகிய இந்தியா வடக்கே நகர்ந்து ஆசியாவோடு மோதியது. நடுவே இருந்த டெதிஸ் என்னும் பழைய கடல் மூடிப்போக, இமயம் எழுந்தது. அந்த இமயத்தை கங்கையும் பிரம்மபுத்திராவும் அரித்துக் கொண்டுவந்து இன்றும் வங்கக் கடலில் கொட்டுகின்றன. கடலடியில் அந்த வண்டல் இலங்கையையும் தாண்டித் தெற்கே சுமார் 3,000 கிலோமீட்டருக்குப் பரவியிருக்கிறது. உலகிலேயே பெரிய கடலடி வண்டல் விசிறி அதுதான்.

பரங்கிமலைப் பகுதியில் சார்னோக்கைட் பாறை ஒன்றைத் தேசியப் புவியியல் நினைவுச்சின்னமாக அறிவித்திருக்கிறார்கள். திரிசூலத்திலும் பல்லாவரத்திலும் அதே பாறை லாரி லாரியாகப் போய், இன்று பள்ளங்களில் தண்ணீர் நிற்கிறது. மிச்சமுள்ள குன்றுகளையாவது விட்டுவைக்க வேண்டும்.