காத்திருப்பின் வியாபாரம்: இந்திப் பட விநியோகமும் எட்டு வார எல்லையும்

இந்திப் பட வியாபாரத்தில் இன்றும் 'நிஜாம்', 'மைசூர்', 'கிழக்குப் பஞ்சாப்', 'சி.பி. பேரார்' என்றே ஏரியாக்களின் பெயர்கள் வழங்கிவருகின்றன; அப்பெயர்களைத் தாங்கிய ராஜ்யங்களும் மாகாணங்களும் தேசப்படத்திலிருந்து மறைந்து அரை நூற்றாண்டுக்கு மேலாகியும், பம்பாய் லாமிங்டன் ரோட்டு நாஸ் கட்டடத்தில் அமர்ந்து விலை பேசிய விநியோகஸ்தர்கள் கைக்கொண்டிருந்த அந்த எல்லைகள் அழியவில்லை. அவர்கள் வாங்கியது பிரதேசம் என்பதே பொது அபிப்பிராயம். ஆனால் அவர்கள் விற்ற சரக்கு காலம் என்பதும், திருட்டுப் பிரதியும் ஓ.டி.டி. தளமும் கைவைத்தது அந்தக் காலத்தின்மீதே என்பதும் இக்கட்டுரையின் வாதம்.

மினிமம் கியாரண்டி என்னும் எம்.ஜி. தொகையைத் தயாரிப்பாளரிடம் முன்னதாகக் கொடுத்து, லாபமானாலும் நஷ்டமானாலும் தன் தலையிலேயே ஏற்றுக்கொண்ட விநியோகஸ்தர், பிலிம் பிரதி விலையுயர்ந்ததாகையால் சில பிரதிகளையே எடுத்து, முதலில் பெருநகரங்களில் ஓட்டி, அங்கே வசூல் தணிந்த பிறகு அதே படப்பெட்டியைச் சிறு நகரங்களான 'பி' சென்டருக்கும், அதன்பின் சிற்றூர்களான 'சி' சென்டருக்கும் அனுப்புவார். 1975-இல் வெளியான 'ஷோலே' பம்பாய் மினர்வா தியேட்டரில் ஐந்து ஆண்டுகள் ஓடிற்று என்றால், அது அப்படத்தின் பெருமையோடு அந்த ஏற்பாட்டின் பெருமையுமாகும். சிற்றூர் ரசிகனுக்கோ, கோடு விழுந்து, அறுந்து ஒட்டப்பட்டு, சில காட்சிகளை வழியிலேயே இழந்த ரீல்கள்தாம் மாதக்கணக்கான காத்திருப்புக்குப்பின் வந்து சேர்ந்தன. பெருநகரத்தான் கொடுத்ததைவிடக் குறைந்த கட்டணத்துக்குக் குறைந்த படம் என்ற அநீதியை அக்காலத்து வியாபாரம் ஒரு பொருட்டாகவே கருதவில்லை.

அந்த அநீதியின் வழியாகத்தான் திருட்டு உள்ளே நுழைந்தது. 1982-இல் ஆசிய விளையாட்டுப் போட்டியை ஒட்டி வண்ணத் தொலைக்காட்சி வந்ததும், வீடியோ யந்திரங்கள் பெருகியதும், பெட்டி வருமுன்னே காசெட் வந்துவிடும் ஊர்கள் உண்டாயின. 1984-இல் பதிப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்டுத் தண்டனை கடுமையாக்கப்பட்டது. ஆயினும் வீடியோக் கடைகள் ஓயவில்லை. களவை நான் நியாயப்படுத்தவில்லை. எடிட்டரும், ஒலிப்பதிவாளரும், லைட்பாயும் உழைத்த உழைப்பை ஒருவன் காசில்லாமல் கவர்ந்துகொள்வதை எந்தப் பசியும் புண்ணியமாக்கிவிடாது. எனினும் காத்திருப்பு நீண்ட இடத்தில் களவு செழித்தது என்பதை மறைப்பதும் ஆராய்ச்சி ஆகாது. 1994-இல் 'ஹம் ஆப்கே ஹைன் கோன்' படத்தை எடுத்த ராஜஸ்ரீ நிறுவனத்தார் வீடியோ உரிமையை விற்காமல் நிறுத்திவைத்து, முதலில் சில தியேட்டர்களில் மட்டுமே வெளியிட்டு மகத்தான வெற்றி கண்டது, காத்திருப்பைக் காசாக்கும் பழைய வித்தையின் கடைசிப் பெருவெற்றி என்று சொல்லத் தோன்றுகிறது.

அதன்பின் வியாபாரம் எதிர்த்திசையில் ஓடிற்று. செயற்கைக்கோள் வழியே படத்தை அனுப்பும் டிஜிட்டல் முறை 2005-ஐ ஒட்டிப் பரவியதும், திருடன் முந்துவதற்குள் நாமே எங்கும் முந்திவிடுவோம் என்று ஆயிரக்கணக்கான திரைகளில் ஒரே நாளில் படம் இறங்கலாயிற்று. ஐந்து ஆண்டுகளில் சேர்ந்த வசூல் வெள்ளி, சனி, ஞாயிறு என்னும் மூன்று தினங்களுக்குள் சுருங்கியது. எந்தப் பெட்டியை எந்த ஊருக்கு எப்போது அனுப்புவது என்னும் விநியோகஸ்தரின் அனுபவ ஞானத்துக்கு வேலையே இல்லாமற்போனது.

அந்த மூன்று தினங்களையும் திருட்டு விட்டுவைக்கவில்லை. 2016 ஜூனில் 'உட்தா பஞ்சாப்' வெளியீட்டுக்கு முன்பே இணையத்தில் கசிந்தபோது, அப்பிரதியின் மூலையில் தணிக்கைக்கானது என்ற ஆங்கில வாசகம் படம் முழுதும் நின்றது. தியேட்டர் இருளில் யாரோ ஒருவன் கேமராவை ஒளித்து எடுத்த, முன்வரிசைக்காரரின் தலை குறுக்கிடும் மங்கலான பிரதியல்ல அது. நம் ஏ.ஆர். முருகதாஸ் இயக்கிய 'சிக்கந்தர்' 2025 மார்ச்சில் திரைக்கு வருமுன்பே வெளியே வந்துவிட்டது. தியேட்டரில் படம் பிடிப்போருக்கு மூன்று மாதம் முதல் மூன்று ஆண்டுவரை சிறை என்று 2023-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் விதித்தாலும், தியேட்டருக்குப் போகுமுன்னரே கசிவதற்கு அது போதிய காவலாகாது.

இங்கேதான் ஓ.டி.டி. தளத்தின் இடத்தைச் சரியாக அறியவேண்டும். தளத்தில் படம் ஏறிய சிறிது நேரத்துக்கெல்லாம் குறையற்ற தெளிவுடன் திருட்டுப் பிரதி பிறந்துவிடுகிறது. ஆகவே இந்திப் படத்துக்குத் தேசிய மல்டிபிளெக்ஸ்கள் கேட்கும் எட்டு வார இடைவெளி, வாஸ்தவத்தில், தெளிவான திருட்டுப் பிரதி இல்லாத எட்டு வாரங்களைக் கேட்பதேயாகும். நான்கு வாரத்தில் தளத்துக்குப் போகும் தமிழ்ப்பட வழக்கத்தை அவர்கள் ஏற்காததால் 2023-இல் 'லியோ'வின் இந்திப் பதிப்பு அந்த மல்டிபிளெக்ஸ்களில் வெளியாகவில்லை. 2025 மேயில் 'பூல் சுக் மாஃப்' தியேட்டரை விட்டு நேரே தளத்துக்குப் போவதாக அறிவிக்கப்பட்டபோது, பி.வி.ஆர். ஐநாக்ஸ் மல்டிபிளெக்ஸ் நிறுவனம் பம்பாய் உயர்நீதிமன்றத்தில் தடை பெற்றது. பிறகு சமரசமாகி மே 23-இல் தியேட்டரிலும் ஜூன் 6-இல் தளத்திலும் அது வெளியாயிற்று. எட்டு வாரம் பதினான்கு தினங்களாகக் குறைந்தது. எட்டு வாரம் நியாயமான கோரிக்கை என்றே நான் கருதுகிறேன். ஆனால் ஒற்றைத் திரை அரங்குகள் மூடப்பட்ட ஊர்களில் அந்த எட்டு வாரமும் படம் பார்க்க இடமே இல்லையென்பதற்கு அதைக் கோருவோர் பதில் சொல்லவேண்டும்.

என் வாதத்துக்கு இடையூறான ஒரு சான்றும் உண்டு. 2021 மே 13-இல் 'ராதே' 249 ரூபாய்க்கு வீட்டிலேயே முதல்நாளே கிடைத்தது, காத்திருப்பே இல்லை. ஆயினும் உடனே திருடப்பட்டது. டெல்லி உயர்நீதிமன்றம் தலையிடவேண்டியதாயிற்று. காத்திருப்பு போனாலும் விலை நிற்கிறது என்பதே அதன் பாடம். காத்திருப்பை நீக்கும் இவ்வழி புதிதுமல்ல: 2006-இலேயே 'விவாஹ்' படத்தைத் தியேட்டரில் வந்த அன்றே இணையத்தில் விற்றவர்களும் அதே ராஜஸ்ரீ நிறுவனத்தார்தாம். 2025 ஜூன் 20-இல் வந்த 'சிதாரே ஜமீன் பர்' படத்தை ஆமிர்கான் எந்தத் தளத்துக்கும் விற்காமல், ஆகஸ்ட் 1-இல் யூடியூபில் 100 ரூபாய்க்கு வைத்தபோது, வீட்டில் எத்தனைபேர் இருந்தாலும் ஒரு கட்டணமே என்றாயிற்று. நிஜாம் ஏரியாவுக்கும் பேரார் ஏரியாவுக்கும் அன்று ஒரே நாள், ஒரே விலை. முன்பணம் கொடுத்து நஷ்டத்தைச் சுமக்க நடுவில் யாரும் இருக்கவில்லை.